வசனம் எடுத்துக் கொடுப்பவன்

பயந்துடாதீங்க சார், நான் தனியா பேசிக்கிற ஆளு இல்ல. திண்டிவனத்துலேர்ந்து நீங்க என் வாயையே பாத்துட்டு வர்றீங்க, நானும் கவனிச்சுட்டுதான் வர்றேன். வசனம் சொல்லிப் பாக்கறேன், அவ்வளவுதான். முப்பத்தோரு வருஷப் பழக்கம், உதடு தானா அசையும். சத்தம் வராது. வருதா? வராது, எனக்குத் தெரியும்.

சினிமாவான்னு கேக்க வந்தீங்க. சினிமாதான். அடுத்து என்ன படம்னு கேப்பீங்க. எல்லாரும் இதே வரிசையிலதான் கேப்பாங்க. பேரு சொன்னா உங்களுக்குத் தெரியாது. டைட்டில்ல 'வசனம் - வேதரத்தினம்'னு வரும், ஜனம் பாப்கார்ன் வாங்கிட்டு உள்ள வந்து சீட்டத் தேடறதுக்குள்ள போயிடும். பதினாலு படம் சார். நான் எழுதினத ஆட்டோ முதுகுல எழுதி வச்சிருக்கான், கல்யாண பேனர்ல போட்டிருக்கான். எழுதினவன் யாருன்னு ஒருத்தன் கேட்டிருப்பானா?

ஆனா இப்ப நான் வசனகர்த்தா இல்ல. டைரக்டர். அம்பத்தெட்டு வயசுல முதல் படம். சிரிப்பு வந்தா சிரிச்சுக்குங்க, பரவால்ல. வடபழனியே சிரிச்சுது. 'எழுதறவனுக்கு எடுக்கத் தெரியாது வேதா'ன்னு எங்கிட்டயே சொன்னாங்க. எடுத்துட்டேன். பாட்டு கிடையாது, ஃபைட்டு கிடையாது, தெரிஞ்ச மூஞ்சி ஒண்ணு கிடையாது. சினேகிதங்க நாலு பேரு, என் வீட்டம்மாவோட ஓய்வுப் பணம், இவ்வளவுதான் தயாரிப்பாளர். பதினெட்டே நாள்ல எடுத்தேன். ஒரே ஒரு வசனம் பாக்கி. அந்த ஒரு வசனத்துக்காகத்தான் இந்தப் பயணமே.

நீங்க சீர்காழிதான? டிக்கெட் வாங்கறப்ப காதுல விழுந்துது. அப்ப நேரம் இருக்கு.

ஏன் டைரக்டர் ஆனேன்னு கேளுங்க. நீங்க கேக்கலன்னாலும் சொல்லுவேன். பத்தொம்பது வருஷத்துக்கு முன்னாடி ஒரு படம். பேரு வேணாம், அந்த டைரக்டர் இன்னும் நல்லாத்தான் இருக்காரு, இருக்கட்டும். அதுல ஒரு பொம்பள. புருஷன் அவள விட்டுட்டுப் போயி இருவத்திரெண்டு வருஷம் கழிச்சு ஒரு மத்தியானம் வந்து கதவத் தட்டறான். அவ தெறக்கறா. அந்த இடத்துக்கு நான் ஒரு வசனம் எழுதினேன் சார். லாட்ஜ் ரூம்ல கரன்ட் இல்ல, பனியன் நனைஞ்சு தொப்பல், அப்பிடி எழுதினேன். கேளுங்க.

'வாங்கன்னு சொல்ல வாய் வரல. போங்கன்னு சொல்லவும் வரல. இந்த இருவத்திரெண்டு வருஷத்துல வீட்டுக்கு மூணு தடவ சுண்ணாம்பு அடிச்சேன். ஓடு மாத்தினேன். கதவ மட்டும் மாத்தல. என்னிக்காவது நீங்க வந்து தட்டினா, சத்தம் வேற மாதிரி கேட்டுடக் கூடாதேன்னு மாத்தல. இப்ப தட்டினீங்க. எனக்கு அடையாளம் தெரியல.'

எப்பிடி? பாருங்க, கடலைய வாய்க்குக் கொண்டு போன உங்க கை அப்பிடியே நிக்குது. அதான் வசனம். கதை விவாதத்துல படிச்சுக் காட்டினப்ப ரூம்ல இருந்த அத்தன பேரும் கண்ணத் தொடச்சாங்க. டீ கொண்டாந்தவரு டீயக் குடுக்க மறந்து நின்னாரு. எடுத்தாங்க, நல்லாவும் வந்துது. அப்புறம் எடிட்டிங்ல அந்த மகராசன் அதத் தூக்கிட்டு அங்க ஒரு பாட்டு வச்சுட்டாரு. மழை பெய்யுது, ஏழு பேரு வெள்ளைச் சட்டை போட்டு வயலின் வாசிக்கறாங்க. அவ வீட்டுச் சந்துல அந்த ஏழு பேரு எங்கேர்ந்து வந்தாங்க, நனைஞ்சா வயலின் என்னத்துக்கு ஆவும், இதெல்லாம் கேக்கக் கூடாது. தியேட்டர்ல அந்தப் பாட்டு வர்றப்ப நான் எழுந்து வெளிய வந்தேன். அன்னிக்கு முடிவு பண்ணேன். இந்த வசனத்த ஒரு நாள் நானே எடுப்பேன், ஒரு எழுத்த ஒருத்தன் தொட முடியாதுன்னு.

அதுக்குத்தான் இந்தப் படம். முழுப் படமும் அந்தக் கதவுகிட்ட போயி நிக்கறதுக்குத்தான்.

இப்ப உங்களுக்கு ஒரு விஷயம் சொல்லணும். வசனகர்த்தான்னா எழுதிக் குடுத்துட்டு வீட்டுக்குப் போறவன்னு நெனைப்பீங்க. கிடையாது. கேமராவுக்குப் பக்கத்துல நின்னு எடுத்துக் குடுக்கணும். ஹீரோவுக்கு மனப்பாடம் பண்ண எங்க நேரம்? நான் ஒரு வரி சொல்லுவேன், அவரு ஒரு வரி சொல்லுவாரு. ஊரு பாஷை தெரியாத கதாநாயகி வந்து நிப்பாங்க, அவங்க உதட்டுக்கும் நான்தான் பொறுப்பு. எப்பிடியும் அங்க ஒலிக்கற சத்தத்த அப்பிடியே தூக்கிப் போட்டுட்டு, பின்னாடி டப்பிங்ல புதுசா பேசிக்குவாங்க. அதனால நான் எவ்வளவு சத்தமா சொன்னாலும் படத்துல தெரியாது. முப்பத்தோரு வருஷம் அத்தன பேரு வாய்க்குப் பின்னாடியும் நான் இருந்திருக்கேன் சார்.

ஆனா இந்தப் படத்துல லைவ் சவுண்ட். அங்க பேசறதுதான், அப்பவே பதிவு. டப்பிங் தியேட்டருக்குப் போக நம்மகிட்ட ஏது வழி. சவுண்டுக்கு ஒரு பொண்ணு, பெனிட்டா, நாகர்கோயில் பக்கம். கெட்டிக்காரி, ஆனா வாயாடி. முதல் நாள் முதல் ஷாட்டு, 'சார், உங்க குரல் வருது'ங்கறா. வராதும்மான்னேன். ஹெட்போன என் காதுல மாட்டிப் போட்டுக் காட்டினா. வந்துது. சரி, இன்னும் மெதுவா சொல்றேன்னேன். 'மெதுவா இல்ல சார், சொல்லாதீங்க'ன்னா. சொல்லாம எப்பிடி? அவங்க மறந்துட்டா?

அந்தப் பொம்பள வேஷத்துக்கு மதுரையிலேர்ந்து ஒரு நாடக நடிகைய வரவழைச்சிருந்தேன். மூணாம் நாள் மத்தியானம் பெட்டியக் கட்டிட்டாங்க. போறப்ப என்ன சொன்னாங்க தெரியுமா? 'உங்களுக்குத்தான் எல்லாம் தெரியுதே, நீங்களே நடிச்சுடுங்க சார்'னாங்க. எவ்வளவு பெரிய மனசு பாருங்க. பெரிய நடிகை வாயால அப்பிடி ஒரு வார்த்தை. ஆனா பொம்பள வேஷமாச்சே, நான் எப்பிடிப் போடறது?

அப்பதான் மங்கை வந்தா. என் வீட்டம்மா, மங்கையர்க்கரசி. சாப்பாடு கவனிச்சுக்கலாம்னு கூட வந்தவ, 'நான் நிக்கறேன்'னு சொன்னா. ரெண்டே வார்த்தை. அவ நடிச்சதில்ல. முப்பத்துமூணு வருஷம் போஸ்ட் ஆபீஸ் கவுன்ட்டர்ல இருந்தவ. ஒரு நாளைக்கு முந்நூறு பேருகிட்ட பேசுவா, வீட்ல பேச மாட்டா. பேச வேண்டிய அவசியமே இல்லாம நான் பாத்துக்கிட்டேன். 'இன்னிக்கு...'ன்னு ஆரம்பிப்பா, 'சாம்பார் வேணாம், ரசம் போதும்'னு முடிச்சுடுவேன். அவ்வளவு பொருத்தம் எங்களுக்குள்ள. ஒரு தடவ, அவ விருப்ப ஓய்வு வாங்கின சமயம், பக்கத்துல வந்து ஒக்காந்து 'எனக்கு...'ன்னா. 'தலவலி, தைலம் அலமாரியில இருக்கு'ன்னேன். கொஞ்ச நேரம் என்னையே பாத்தா. அப்புறம் போயி தைலத்த எடுத்துத் தடவிக்கிட்டா. பாருங்க, வாயத் தெறக்கறதுக்குள்ள சரியா சொல்லியிருக்கேன்.

மங்கை நல்லா பண்ணா சார், பொய் சொல்லக் கூடாது. கேமரா இருக்கறதே தெரியாத மாதிரி இருந்தா. நான் எடுத்துக் குடுக்கக் குடுக்க, பெனிட்டா தலையில அடிச்சுக்க, எப்பிடியோ கடைசி நாள் வந்துடுச்சு. கடைசி ஷாட்டு, அந்தக் கதவு வசனம். சிதம்பரத்துல ஒரு ஓட்டு வீடு, மத்தியான வெயில். பூசணிக்கா வாங்கி மேல சூடம் வச்சு ரெடியா இருக்கு. கடைசி ஷாட்டு முடிஞ்சா பூசணிக்கா ஒடைக்கணும், எங்க ஆளுங்க வழக்கம். புருஷனா நடிக்கறவரு கேமராவுக்கு முதுகு காட்டி வாசல்ல நிக்கறாரு. அவரு தோளுக்குப் பக்கத்துல நான். எதிர்ல மங்கை.

முதல் டேக். அழகா சொல்லிக்கிட்டே வந்தா. 'சத்தம் வேற மாதிரி கேட்டுடக் கூடாதேன்னு மாத்தல.' நிறுத்திட்டா. அப்பிடியே நிக்கறா. மறந்து போச்சு! விட முடியுமா? 'இப்ப தட்டினீங்க'ன்னு எடுத்துக் குடுத்தேன். 'கட் சார், உங்க குரல்'ங்கறா பெனிட்டா. ரெண்டாவது டேக், அதே இடம், அதே மறதி. மூணாவது, நாலாவது. ஆறாவது டேக்ல நான் கர்ச்சீப்ப வாயில வச்சு அழுத்திக்கிட்டேன் சார், சத்தியமா. கர்ச்சீப்போடயே பேசியிருக்கேன் போல.

'எனக்கு ஞாபகம் இருக்கு'ன்னா மங்கை. 'இருந்தா சொல்லேன்'னேன். 'சொல்றதுக்குள்ள...'ன்னா. 'சொல்றதுக்குள்ள மறந்து போவுது, அதான? நான் இருக்கேன், பயப்படாத'ன்னேன். போயி கதவுக்குப் பின்னாடி நின்னுக்கிட்டா.

ஏழாவது டேக். கதவத் தெறந்தா. சொன்னா. அந்த இடம் வந்துது, நின்னா. நான் எண்ணினேன் சார், ஒண்ணு, ரெண்டு, மூணு வரைக்கும் எண்ணினேன். எவ்வளவு நேரம் பொறுக்கறது? 'இப்ப தட்டினீங்க'ன்னேன்.

அவ தலையத் திருப்பினா. 'எனக்குத் தெரியும். நீங்க சும்மா இருங்க'ன்னா. கத்தல. கவுன்ட்டர்ல வரிசை தாண்டி வர்றவங்ககிட்ட சொல்லுவாங்களே, அந்தக் குரல்ல சொன்னா. சொல்லிட்டு, திரும்பி, ரேழிய விட்டு, கூடத்தத் தாண்டி, கொல்லைக் கதவத் தெறந்து போயே போயிட்டா. கேமராக்காரன் நிறுத்தல. அங்க கட் சொல்ல வேண்டியவன் நான்தான். எனக்கு வாய் வரல.

அப்பிடியே பஸ் ஏறி மாயவரம் போயிட்டா, தங்கச்சி வீட்டுக்கு. மூணு வாரம் ஆவுது.

பூசணிக்காய நான் ஒடைக்க விடல. வசனம் முடியாம படம் எப்பிடி முடியும்? பெனிட்டா ரூம்ல கொண்டு போயி வச்சேன். போன வாரம் அந்தப் பொண்ணு அத வெட்டி மோர்க்குழம்பு வச்சுட்டா. கேட்டா, 'படம் முடிஞ்சுடுச்சு சார், உங்களுக்குத்தான் தெரியல'ங்கறா. எடிட்டர், கேமராக்காரன், பாத்த நாலு பேரு, எல்லாரும் ஒரே பாட்டு. அந்த ஏழாவது டேக்தான் படத்துலயே உசத்தியாம்! என் குரல், ஓடிப் போன புருஷன் குரலாட்டம் கேக்குதாம். அவ 'நீங்க சும்மா இருங்க'ன்னதும் ஒடம்பு சிலுத்துப் போவுதாம். எப்பிடி இருக்கு பாருங்க. நடிக்க வந்தவ தப்பா பேசினது உசத்தி. பத்தொம்பது வருஷம் நான் நெஞ்சுல வச்சிருந்த வரி வேணாம். அந்த மகராசன் வயலின் வச்சான், இவங்க அதுவும் வைக்காம வெட்டச் சொல்றாங்க.

நான் விடுவேனா? வர்ற திங்கக்கிழமை ஒரு பட விழாவுக்கு அனுப்பக் கடைசி நாள். அதுக்குள்ள என் வசனம் அதுல இருக்கும். வழி இருக்கு சார். அவ திரும்பி நடக்கறப்ப முதுகுதான தெரியுது? வாய் தெரியாதுல்ல? முதுகு மேல எந்த வசனத்தையும் ஏத்தலாம். எங்க தொழில்ல அது சின்னப் பசங்களுக்குத் தெரியும். அந்தக் கடைசி ரெண்டு வரிய மங்கை குரல்ல பதிவு பண்ணி, 'நீங்க சும்மா இருங்க'வ வெட்டிட்டு, முதுகு மேல ஏத்திட்டா முடிஞ்சுது. பையில ரெக்கார்டர் இருக்கு. வரிய பெரிய எழுத்துல எழுதியும் வச்சிருக்கேன், மறந்துட்டான்னா.

போன்ல பேசினேன். 'பெனிட்டா வந்தா பேசித் தர்றேன், நீங்க வர வேணாம்'னா. கோவத்துல சொல்றா. வாங்கன்னுதான் அதுக்கு அர்த்தம். எனக்குத் தெரியாதா?

இதோ, சிதம்பரம் வந்துடுச்சு. பத்து நிமிஷம் நிப்பான். இந்த ரோட்லேர்ந்து ரெண்டாவது தெருவுலதான் அந்த வீடு.

ஒண்ணு சொல்ல விட்டுப் போச்சு. நடிக்கறவங்க இடுப்புல பெனிட்டா ஒரு சின்ன ரெக்கார்டர் மாட்டி விடுவா, தீப்பெட்டி அளவு. மங்கை அதோடயே கெளம்பிப் போயிட்டா. அது பாட்டுக்கு ஓடிக்கிட்டே இருந்திருக்கு. பெனிட்டா மாயவரம் போயி வாங்கிட்டு வந்து, 'சார், ஒரு தடவ கேளுங்க, நாலு நிமிஷம்'னு ரெண்டு வாரமா பின்னாலயே சுத்தறா. கேக்க மாட்டேன்னுட்டேன். கோவமா போறவ என்ன சொல்லியிருப்பா? என்னத் திட்டியிருப்பா. வசனகர்த்தாவுக்கு அது கூடவா தெரியாது? காலையில கிளாம்பாக்கம் பஸ் ஸ்டாண்டுல வந்து நின்னு என் போன்ல ஏத்தி விட்டுட்டா. 'கேட்டுட்டு அப்புறம் போவலாமான்னு முடிவு பண்ணுங்க'ன்னா. டைரக்டர் யாரு, அவளா?

சரி, பத்து நிமிஷம் சும்மாதான ஒக்காந்திருக்கோம். எப்பிடித் திட்டறான்னுதான் கேப்போமே. நீங்க கொஞ்சம் பேசாம இருங்க சார்.

ம். நடக்கறா. இது கூடம், எதிரொலி இருக்கு. கொல்லைத் தாழ்ப்பாள். அந்தத் தாழ்ப்பாள் இப்பிடித்தான் கிறீச்சிடும். செருப்பில்ல, வெறுங்கால்ல போறா. அந்த வெயில்ல. யாரோ கொழாயில தண்ணி புடிக்கறாங்க. ஒரு மொபெட் போவுது.

ஒண்ணும் பேசலயே. வெறும் மூச்சு. ரெண்டு நிமிஷம் ஆச்சு, திட்டக் கூட இல்ல.

இருங்க. நின்னுட்டா.

...

'இப்ப தட்டினீங்க'ங்கறா.

சார், 'இப்ப தட்டினீங்க'ங்கறா. சொல்லிட்டு மறுபடி பேசாம நிக்கறா. சொல்லும்மா. சொல்லு, எனக்கு... இல்ல, நான் சொல்லல. நான் சொல்லல சார், உதடுதான் அசையுது. இருங்க.

'எனக்கு அடையாளம் தெரியல.'

அவ்வளவுதான். அப்புறம் நடக்கறா. பஸ் ஹாரன் சத்தம். முடிஞ்சுது.

இன்னொரு தடவ கேக்கறேன், இருங்க.

மறக்கல சார் அவ. ஒரு எழுத்து மாறல. ஏழு டேக்லயும் தெரிஞ்சுதான் நின்னிருக்கா. அந்த இடத்துல நிறுத்தணும்னு நின்னிருக்கா. நான் அங்க இடைவெளி எழுதவே இல்லையே. ஒரே மூச்சுல போவணும் அந்த வரி, பத்தொம்பது வருஷமா என் மனசுல ஒரே மூச்சுலதான் ஓடுது. அங்க நிறுத்தக் கூடாது, தப்பு. ஆனா அவ நிறுத்தறப்ப... கதவத் தட்டின சத்தம் மறுபடி கேக்குது சார். யாரும் தட்டல, ஆனா கேக்குது. அந்த இடத்துலதான் நான் ஏழு தடவையும் உள்ள பூந்திருக்கேன்.

முதுகு மேல அப்பிடியே ஏத்தலாம். அளவு கூட சரியா வரும். அப்ப மாயவரம் போவ வேண்டியதே இல்ல. பதிவு பண்ண ஒண்ணும் பாக்கி இல்ல. பெனிட்டாவுக்கு இது தெரிஞ்சிருக்கு, அதான் போவலாமான்னு கேட்டுருக்கா. வாயாடி.

பஸ்ஸ எடுத்துட்டான். எடுக்கட்டும். நான் போவேன். யாரு தடுக்கறது? என் பொண்டாட்டி, என் படம், என் வசனம்.

வசனம்தான் சார் அது. நான் எழுதினது. ஓடிப் போன புருஷன்கிட்ட அந்தக் கதையில வர்ற பொம்பள சொல்றது. நான் எங்கயும் ஓடிப் போனவன் இல்ல. முப்பத்தோரு வருஷமா அவ பக்கத்துலயேதான் இருக்கேன், ஒரு வார்த்தைக்கு அவள கஷ்டப்பட விட்டதில்ல. அப்புறம் அவ எனக்கு எதுக்கு அதச் சொல்லணும்? ஷாட்டு முடிஞ்சு, கேமரா இல்லாத தெருவுல, வெயில்ல வெறுங்காலோட நின்னுக்கிட்டு யாருக்கு நடிக்கணும்? வசனம்னுதான் சொல்லிப் பாத்திருப்பா. வரி மறந்துடக் கூடாதுன்னு.

நீங்க என்ன நெனைக்கறீங்க? நீங்க என்ன சொல்லப் போறீங்கன்னு எனக்குத்... இல்ல. தெரியல. நெஜமாவே தெரியல சார்.

சீர்காழி வர இன்னும் அர மணி இருக்கு. வெளியாளு நீங்க, கேட்டத வச்சு சொல்லுங்க. அது வசனம்தான? மெதுவாவே சொல்லுங்க, அவசரமில்ல. நான் சும்மா இருக்கேன்.